எந்த ஔவையார்?



"டீச்சர், ஔவையாருக்கு வயசு எத்தனை?"

ஆண்டு 5 வகுப்பில் நல்வழி வெண்பா ஒன்றனை நடத்திக்கொண்டிருந்தபோது ஒரு மாணவன் எழுந்து கேட்ட கேள்வி இது. குற்றம் என்னுடையதுதான். முந்திய வாரம் அதியமான் நெல்லிக்கனி ஈந்த கதையைச் சொன்னபோது, ஏறக்குறைய ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன் நடந்தது என்று கூறியிருந்தேன். அன்றோ, பாடத்தைச் சுவையாக்குவதாக எண்ணிக்கொண்டு, ஔவையாரும் கம்பரும் சோழன் அவையில் மோதிக்கொண்ட கதையை எடுத்துவிட்டேன். கம்பர் 12ஆம் நூற்றாண்டினர் என்று வெண்பலகையில் எழுதியும் வைத்தேன். அந்தப் பையன் கணிதத்தில் கெட்டிக்காரன். மனத்துக்குள்ளேயே கழித்துப் பார்த்திருக்கிறான். ஆயிரம் ஆண்டுக்குக் குறையாமல் விடை வந்திருக்கிறது.

நான் வாய் திறப்பதற்குள் முன்வரிசை மாணவி ஒருத்தி, "அதான் நெல்லிக்கனி சாப்பிட்டாங்கல்ல!" என்றாள். வகுப்பு முழுவதும் சிரித்தது. நானும் சிரித்தேன். மணி அடித்தது. தப்பித்தேன்.

தப்பித்துவிட்டோம் என்ற அந்த எண்ணந்தான் அன்றிரவு என்னை உறங்கவிடவில்லை. ஔவையார் ஒருவர் அல்லர் என்பது எனக்குத் தெரியும். ஆசிரியர் பயிற்சிக் கழகத்தில் இலக்கிய வரலாறு படித்தபோதே தெரியும். தேர்வில் எழுதி மதிப்பெண்ணும் வாங்கியிருக்கிறேன். பிறகு பள்ளிக்கு வந்து இருபது ஆண்டுகளாக, கைத்தடியும் திருநீறுமாக நிற்கும் ஒரே பாட்டியைத்தான் வகுப்புதோறும் காட்டி வந்திருக்கிறேன். நமக்கு நன்கு அறிமுகமான அந்தப் பாட்டி, உள்ளபடி சொன்னால், 1953இல் ஜெமினி நிறுவனம் எடுத்த படத்தில் கே. பி. சுந்தராம்பாள் அம்மையார் ஏற்ற வேடம். அவருடைய குரலுக்கு நான் இன்றும் அடிமை. ஆனால் திரைப்படம் வரலாறு ஆகிவிடுமா?

மறுவாரம் துணிந்து வகுப்பில் உண்மையைச் சொன்னேன். அதியமானைப் பாடியவர் ஒருவர். நமக்கு ஆத்திசூடி தந்தவர் அவருக்குப் பல நூற்றாண்டுகள் பிந்திய வேறொருவர். இருவருக்கும் பெயர் மட்டும் ஒன்று. மாணவர்கள் எவ்வித அதிர்ச்சியும் இன்றிக் கேட்டுக்கொண்டார்கள். "எங்க வகுப்புலயே ரெண்டு தர்ஷினி இருக்காங்க டீச்சர்" என்றான் ஒருவன். அத்துடன் விவகாரம் முடிந்தது என்று நினைத்தேன்.

முடியவில்லை. சில மாதங்கள் கழித்து ஓர் இலக்கியப் புதிர்ப்போட்டிக்கு எங்கள் மாணவர்களைப் பெருநிலப் பகுதிக்கு அழைத்துச் சென்றேன். அந்தக் கணிதக்காரப் பையனும் குழுவில் இருந்தான். "அதியமானிடம் நெல்லிக்கனி பெற்ற புலவர் இயற்றிய நீதிநூல் ஒன்றனைக் கூறுக" என்றார் நடுவர். பையன் மணியை அழுத்தினான். "அவங்க நீதிநூல் எழுதல. அது வேற ஔவையார்" என்றான். நடுவர் தம் கையிலிருந்த தாளைப் பார்த்தார். தவறு என்றார். அடுத்த குழு 'ஆத்திசூடி' என்று சொல்லிப் பத்துப் புள்ளிகளைப் பெற்றது. கோப்பை எங்கள் கையைவிட்டுப் போனது அந்தப் பத்துப் புள்ளிகளால்தான்.

ஆட்சேபம் தெரிவிக்க ஆசிரியர்களுக்கு வாய்ப்பு இருந்தது. நான் எழவில்லை. அவையில் மூத்தவர்கள் இருந்தார்கள். நடுவர் தாளில் அப்படித்தான் இருந்தது. ஒரு கோப்பைக்காக வாதாடுகிறாள் என்பார்களே என்ற கூச்சமும் இருந்தது. திரும்பி வரும் வழியில், பினாங்குப் பாலத்தின் நடுவில், "டீச்சர், நான் சொன்னது தப்பா?" என்று கேட்டான். இல்லை என்றேன். "அப்புறம் ஏன் நீங்க எழுந்து சொல்லல?" என்றான். தீவு வந்து சேரும்வரை நான் கடலையே பார்த்துக்கொண்டு வந்தேன்.

இனி, செய்திக்கு வருகிறேன்.

சங்க இலக்கியத்தில் ஔவையார் பெயரில் 59 பாடல்கள் உள்ளன. புறநானூற்றில் 33, குறுந்தொகையில் 15, நற்றிணையில் 7, அகநானூற்றில் 4. இவற்றைப் படித்துப் பாருங்கள். நம் பள்ளிச் சுவரில் தொங்கும் பாட்டி அங்கே இல்லை. அங்கிருப்பவர் அரசனுடன் அமர்ந்து கள்ளுண்டவர். அவன் சார்பில் தொண்டைமானிடம் தூது சென்றவர். தொண்டைமானின் படைக்கலக் கொட்டிலில் ஆயுதங்கள் நெய் பூசப்பெற்று அழகாக இருப்பதைப் பாராட்டுவதுபோலப் பேசி, எம் தலைவனின் ஆயுதங்களோ போரில் சிதைந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன என்று குத்திக்காட்டியவர். அதியமான் மாண்டபோது அவன் மார்பில் பாய்ந்த வேல் பாணர்களின் உண்கலத்தையும் புலவர்களின் நாவையும் துளைத்துச் சென்றதாகக் கதறியவர். காதல் நோயில் துடிக்கும் பெண்ணின் குரலில் அகப்பாட்டும் பாடியவர். அறிவுரை கூறுவதை அவர் தம் முதன்மை வேலையாகக் கொள்ளவில்லை.

நல்வழியைப் பாடியவர் யார்? அவருக்கு முகவரி இல்லை. ஆனால் காலத்தைக் காட்டும் தடயம் ஒன்றனை அவரே விட்டுச் சென்றிருக்கிறார். அந்நூலின் இறுதி வெண்பா, ஒரே கருத்தைச் சொல்லும் நூல்கள் எனச் சிலவற்றை அடுக்குகிறது. திருக்குறள் வருகிறது. மூவர் பாடிய தேவாரம் வருகிறது. திருக்கோவையாரும் திருவாசகமும் வருகின்றன. திருமூலரும் வருகிறார். அப்பர், சம்பந்தர், சுந்தரர் ஆகியோர் 7, 8ஆம் நூற்றாண்டினர்; மாணிக்கவாசகரை 9ஆம் நூற்றாண்டினர் என்பர். இவர்களையெல்லாம் பெயர் சுட்டும் ஒருவர் அதியமானிடம் நெல்லிக்கனி வாங்கியிருக்க முடியுமா? இதனை அறிய முனைவர் பட்டம் வேண்டியதில்லை. என் வகுப்புப் பையனுக்குத் தெரிந்த கழித்தல் கணக்கே போதும்.

இன்னும் உண்டு. நல்வழியின் காப்பு யானைமுகக் கடவுளை வேண்டுகிறது. சங்கப் பாடல்களில் பிள்ளையார் வழிபாடு காணப்படுவதில்லை. சங்க ஔவையாரின் பாடல்கள் ஆசிரியப்பாவில் நடக்கின்றன. மூதுரையும் நல்வழியும் வெண்பா. (யாப்பை மட்டும் வைத்து முடிவு கட்ட இயலாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஒரே புலவர் இரண்டு பாவிலும் பாடலாம். சான்றுகள் பல ஒரு பக்கமாகச் சாயும்போது யாப்பும் கூட நின்று சாட்சி சொல்கிறது, அவ்வளவே.) மொழிநடையும் அப்படியே. அருஞ்சொற்பொருள் இல்லாமல் புறநானூற்றுப் பாடல் ஒன்றை ஆண்டு 5 மாணவர் முன் வைக்க இயலாது. மூதுரையை வைக்கலாம்.

ஆத்திசூடி, கொன்றை வேந்தன், மூதுரை, நல்வழி ஆகியவற்றைப் பாடிய ஔவையாரை 12ஆம் நூற்றாண்டையொட்டி வைப்பதே பெருவழக்கு. விநாயகர் அகவலும் ஔவைக்குறளும் தந்தவர் இவரேயா, இன்னொருவரா என்பதில் அறிஞர்கள் ஒருமித்த கருத்தினர் அல்லர். இரண்டு ஔவையார் என்பாரும், மூவர் என்பாரும், அதற்கு மேலும் எண்ணுவாரும் உளர். எத்தனை பேர் என்பதில்தான் வழக்கு. ஒருவர் அல்லர் என்பதில் இலக்கிய வரலாறு எழுதியோரிடையே வழக்கில்லை.

என் அண்ணன் மகள் இங்கே மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் பயில்பவள். தீபாவளிக்கு வீட்டுக்கு வந்தபோது இதையெல்லாம் அவளிடம் புலம்பினேன். "அத்தை, சாசருக்கும் இதே கதைதான்!" என்றாள். எனக்கு வியப்பாக இருந்தது. அவள் சொன்னதையும், பிறகு நான் தேடிப் படித்ததையும் இங்கே பகிர்கிறேன்.

ஜெஃப்ரி சாசர் 1400இல் மறைந்த ஆங்கிலக் கவிஞர். 'காண்டர்பரிக் கதைகள்' பாடியவர். நம் கம்பருக்கு இரண்டு நூற்றாண்டு இளையவர் என்று வைத்துக்கொள்ளலாம். 1532இல் வில்லியம் தின் என்பவர் சாசரின் படைப்புகளைத் தொகுத்து அச்சிட்டார். கையில் கிடைத்த பிறருடைய பாடல்களும் அதனுள் புகுந்துகொண்டன. பின்வந்த பதிப்பாளர்களும் தம் பங்குக்குச் சேர்த்தனர். 1598இல் தாமஸ் ஸ்பெயிட் வெளியிட்ட பதிப்பில் 'மலரும் இலையும்' என்றொரு நெடும்பாட்டு சாசர் பெயரில் வந்தது. 1700இல் டிரைடன் என்னும் பெருங்கவிஞரே அதனைச் சாசருடையது என்று நம்பித் தம் காலத்து ஆங்கிலத்தில் திருப்பிப் பாடினார். புகழ்பெற்ற பெயர் காந்தம் போன்றது. பெயரற்ற பாடல்களெல்லாம் அதில் போய் ஒட்டிக்கொள்ளும். அங்கே சாசர், இங்கே ஔவையார்.

19ஆம் நூற்றாண்டில் அறிஞர்கள் இதனைப் பிரித்தெடுத்தார்கள். எப்படி என்பதுதான் எனக்குப் பிடித்தது. கேம்பிரிட்ஜ் நூலகர் ஹென்றி பிராட்ஷா போன்றோர் பாடல்களின் இயைபுத் தொடைகளை எண்ணிப் பார்த்தனர். சாசர் காலத்து ஆங்கிலத்தில் சொல்லிறுதியில் ஒலித்த ஒரு மெல்லிய உயிரோசை அடுத்த நூற்றாண்டில் தேய்ந்து மறைந்தது. அந்த ஓசை உள்ள சொல்லையும் இல்லாத சொல்லையும் சாசர் இயைபாகச் சேர்ப்பதில்லை. பின்வந்தோர் காதுக்கு வேறுபாடு தெரியாததால் சேர்த்துவிட்டனர். அந்த இடத்தில் பிடிபட்டார்கள்! 'மலரும் இலையும்' 15ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எழுந்த, பெயர் தெரியாத ஒருவரின் பாட்டு என்று ஆயிற்று. அதில் கதை சொல்பவள் ஒரு பெண். எழுதியதும் பெண்ணாக இருக்கலாம் என்ற எண்ணமும் அதனால் எழுந்தது. சாசர் பெயர் நீங்கியதால் அப்பாட்டு குப்பைக்குப் போகவில்லை. தன் பெயரற்ற பெயரிலேயே இன்றும் படிக்கப்படுகிறது.

இந்தப் பணியை நிறைவு செய்தவர்களுள் தலையாயவர் வால்டர் வில்லியம் ஸ்கீட். 1894இல் சாசரின் படைப்புகளை ஆறு தொகுதிகளாக வெளியிட்டார். சாசர் பெயரில் உலவிய பிறர் படைப்புகளைத் தனியாகத் திரட்டி 1897இல் ஏழாம் தொகுதி ஆக்கினார். எறியவில்லை, பிரித்து வைத்தார். நம் உ. வே. சாமிநாதையர் புறநானூற்றை முதன்முதலாக அச்சில் தந்ததும் அதே 1894இல்தான்! ஓர் ஆண்டில் இரு மொழிகளில் இரண்டு பழைய உலகங்கள் துலக்கம் பெற்றிருக்கின்றன.

ஸ்கீட் என்ற பெயரை மலேசியர் சிலர் கேள்விப்பட்டிருக்கலாம். அவருடைய மகன் பெயரும் வால்டர் வில்லியம் ஸ்கீட்டே. சிலாங்கூரில் அரசுப் பணி புரிந்து, மலாய் மக்களின் மந்திர வழக்கங்களைப் பற்றி 1900இல் புகழ்பெற்ற நூல் எழுதியவர். நம் பிள்ளைகள் விரும்பும் சருகுமான் கதைகளையும் தொகுத்து 1901இல் வெளியிட்டவர். தந்தை, மகன் இருவருக்கும் ஒரே பெயர். நூலகப் பட்டியலில் சாசர் பதிப்பும் சருகுமான் கதையும் ஒரே ஆசிரியருடையதாக அடுத்தடுத்து நிற்பதை எண்ணிப் பாருங்கள். இன்னும் ஐந்நூறு ஆண்டு கழித்து ஒருவர், 'ஸ்கீட் என்னும் மூதறிஞர் கேம்பிரிட்ஜிலும் சிலாங்கூரிலும் ஒருங்கே வாழ்ந்தார்' என்று கதை கட்டினால் நாம் சிரிக்கமாட்டோமா? பெயர் ஒன்றாக இருப்பதன் வம்பு இதுதான்.

இந்த ஊரில் இதைப் பேசுவதற்குத் தனியொரு பொருத்தமும் உண்டு. 1816இல் பாதிரியார் ஹட்சிங்ஸ் தொடங்கிய பினாங்கு பிரீ ஸ்கூலில்தான் இந்நாட்டின் முதல் தமிழ் வகுப்பு நடந்தது. ஆங்கிலமும் தமிழும் ஒரே கூரையின்கீழ் படிக்கப்பட்ட ஊர் இது. 2016இல் இருநூறாண்டு நிறைவைக் கொண்டாடினோம். 1966 ஏப்ரலில் தனிநாயகம் அடிகளார் முதல் உலகத் தமிழ் மாநாட்டைக் கோலாலம்பூரில் கூட்டியதையும் பெருமையாகச் சொல்கிறோம். ஆனால் அறிஞர்கள் கண்ட முடிவுகள் ஆண்டு 5 வகுப்பின் வாசலைத் தாண்டி உள்ளே வரவில்லை. என் மேசையில் இருக்கும் பயிற்றி ஒன்று இன்றைக்கும் 'சங்கப் புலவர் ஔவையார் இயற்றிய நல்வழி' என்றே அச்சிடுகிறது. ஆய்வாளர்கள் ஆய்வாளர்களுக்காக எழுதுகிறார்கள். எங்களைப் போன்ற தொடக்கப்பள்ளி ஆசிரியர்களோ படித்ததைப் பட்டச் சான்றிதழோடு சேர்த்துப் பெட்டியில் பூட்டிவிடுகிறோம். இரண்டு பக்கமும் குற்றம் உண்டு. என் பக்கத்தில் சற்று அதிகம்.

மூத்த ஆசிரியை ஒருவரிடம் இதைச் சொன்னபோது அவர் வருந்தினார். "பாட்டியை ஏம்மா கூறு போடுறே? பிள்ளைங்க மனசுல ஒரு பாட்டி இருந்துட்டுப் போகட்டுமே" என்றார். அவர்மீது எனக்கு மிகுந்த மதிப்பு உண்டு. அவர் அச்சமும் புரிகிறது. இன்று ஔவையாரைப் பிரித்தால் நாளை எதைப் பிரிப்பார்களோ என்ற கலக்கம் அது.

ஆனால் ஒரே பாட்டியாக வைத்திருப்பதால் உண்மையில் நாம் இழப்பது இருவரையும். கள்ளுண்டு, தூது சென்று, ஒப்பாரி வைத்த அந்த முதற்பெண் காணாமல் போகிறாள். பிள்ளைகளுக்கு அவள் நெல்லிக்கனி தின்ற பாட்டி மட்டுமே. இரண்டாமவருக்கு நேர்வது அதைவிடப் பெரிய அநீதி. அவருடைய ஆத்திசூடிக்குத் தொன்மையின் பெருமையை ஏற்றி, அவர் செய்த வேலையைப் பார்க்கவே மறந்துவிடுகிறோம்.

ஒரு தொடக்கப்பள்ளி ஆசிரியையின் கண்ணால் ஆத்திசூடியைப் பாருங்கள். 109 அடிகள். முதலில் பன்னிரண்டு உயிரும் ஆய்தமும். பிறகு பதினெட்டு உயிர்மெய். அதன்பின் ககர வரிசை, சகர வரிசை என்று போகிறது. எழுத்துப் படிக்கும் குழந்தைக்கு எழுத்தின் வரிசையிலேயே ஒரு சொற்றொடர். ஒரு மூச்சில் சொல்லி முடிக்கும் அளவு. தமிழில் ட, ண, ர, ல, ழ, ள, ற, ன ஆகியவை சொல்லுக்கு முதலில் வாரா. அங்கே என்ன செய்வது? அந்த எழுத்தை இரண்டாவதாக நிறுத்தி, முன்னால் அகரமோ இகரமோ கொண்டு தொடங்குகிறார். ஙகரத்துக்குச் சொல்லே கிடையாது; அந்த எழுத்தையே உவமையாக்கிச் சுற்றத்தைத் தழுவிக்கொள்ளச் சொல்கிறார்! இதைச் செய்தவர் திண்ணையில் பிள்ளைகளை உட்காரவைத்து எழுத்துச் சொல்லிக் கொடுத்திருக்க வேண்டும் என்றே எனக்குத் தோன்றும். சான்று கேட்காதீர்கள், இஃது ஆய்வன்று, ஒரே தொழில் செய்பவளின் ஊகம். ஒவ்வோர் ஆண்டும் சனவரியிலோ மார்ச்சிலோ புதிய முகங்களின் முன் நின்று எழுத்துச் சொல்லிக் கொடுப்பவருக்கு, ஙகரம் வந்ததும் வரும் திண்டாட்டம் தெரியும். பாரதியும் பாரதிதாசனும் பின்னர் இதே வடிவத்தை எடுத்துக்கொண்டு தத்தம் ஆத்திசூடியைச் செய்தார்கள் என்றால், அந்த வார்ப்பு எவ்வளவு உறுதியானது!

இவரைச் சங்கப் புலவரின் முந்தானைக்குள் மறைத்து வைப்பது என்ன மரியாதை?

பிள்ளைகளுக்கு இது கடினம் என்பாரும் உளர். எல்லாவற்றையும் சொல்ல வேண்டியதில்லை. யாப்பும் இயைபும் அவர்களுக்கு வேண்டா. 'ஔவையார் என்ற பெயரில் பலர் இருந்தனர். இந்தப் பாடலைப் பாடியவர் பிற்காலத்தவர்' என்ற ஒரு வரி போதும். பயிற்றி எழுதுவோரும் புதிர்ப்போட்டிக் கேள்வி அமைப்போரும் அந்த ஒரு வரியைக் கண்ணில் ஒற்றிக்கொண்டால் உண்மையைச் சொன்ன பிள்ளைக்குப் புள்ளி போகாது. யூ.பி.எஸ்.ஆர். தேர்வு 2021இல் நீக்கப்பட்டபின் 'தேர்வுக்கு வராது' என்ற சாக்கும் நமக்கு இல்லை.

அந்தப் பையனிடம் வகுப்பு முன்னிலையில் மன்னிப்புக் கேட்டேன். அவன் தோளைக் குலுக்கிக்கொண்டு, "பரவால்ல டீச்சர்" என்றான். பிறகு, "அப்ப நம்ம ஔவையாருக்கு யார் நெல்லிக்கனி கொடுத்தா?" என்று கேட்டான். யாரும் கொடுக்கவில்லை என்றேன்.

வகுப்பின் பின்சுவரில் கைத்தடிப் பாட்டியின் படம் இருக்கிறது. அதன்கீழ் 'ஆத்திசூடி பாடிய ஔவையார்' என்று தாளில் எழுதி ஒட்டினேன். மற்றவரின் படம் எங்கே என்று முன்வரிசை மாணவி கேட்டாள். இல்லை என்றதும் தானே வரைவதாகச் சொல்லி இரண்டு நாளில் கொண்டுவந்தாள். கையில் யாழ், கூந்தலில் பூ, நரையே இல்லை. பக்கத்தில் ஒரு நெல்லி மரம், அதனடியில் வேலூன்றி நிற்கும் அதியமான். இரண்டு படங்களும் இப்பொழுது அருகருகே தொங்குகின்றன. சென்ற வாரம் வகுப்பைப் பார்வையிட வந்த தலைமையாசிரியர் புதிய படத்தின் முன் நின்று, "இது யாரு?" என்று கேட்டார். இருபத்தெட்டுப் பேரும் ஒரே குரலில் விடை சொன்னார்கள். "அப்ப அது?" என்று பழைய படத்தைக் காட்டினார். அதற்கும் சொன்னார்கள்.